பகல் முளைக்கும் ஒரு சொல்

அன்பு நண்பருக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் வந்து மூன்று வாரங்கள் ஆகிவிட்டன. உடனே பதில் எழுதாததற்கு என் வலக்கண்தான் காரணம். புரை முற்றிவிட்டதால் அறுவை செய்துகொண்டேன். இடக்கண் பல ஆண்டுகளாகவே பெயருக்குத்தான் கண் என்பது உங்களுக்குத் தெரியும். இப்போது எழுத்துகள் தெளிவாகத் தெரிகின்றன. மருத்துவர் ஒரு நாளைக்கு இவ்வளவு நேரம்தான் படிக்கலாம் என்று அளந்து கொடுத்திருக்கிறார். அந்த நேரத்தில் பெரும்பகுதியை, கொஞ்சமும் வருத்தமில்லாமல், நீங்கள் கேட்ட ஒற்றைச் சொல்லுக்கே செலவழித்துவிட்டேன்.

ஆங்கிலக் கவிஞர் ஹாப்கின்ஸின் 'டாய்ச்லாந்து கப்பலின் சிதைவு' என்ற நெடுங்கவிதையை மொழிபெயர்த்துக்கொண்டு வருவதாகவும், கடைசிச் செய்யுளில் 'டேஸ்பிரிங்' என்ற சொல்லில் பத்து நாட்களாக நிற்பதாகவும், 'விடியல்' என்று போட்டால் பொருள் வந்துவிடுகிறது, ஆனால் வரி படுத்துவிடுகிறது என்றும் எழுதியிருந்தீர்கள். படித்ததும் சிரித்துவிட்டேன். நாற்பது ஆண்டுகளுக்கு முன்பு இதே சொல்லில் நான் விழுந்த பள்ளம் உங்களுக்கு நினைவிருக்கும். ஒரு சிறுபத்திரிகையில் வந்த என் மொழிபெயர்ப்பில் இதைப் 'பகல் வசந்தம்' என்று எழுதியிருந்தேன். அடுத்த வாரமே உங்களிடமிருந்து ஓர் அஞ்சலட்டை வந்தது: 'ஐயா, இரவு வசந்தம் எப்போது வரும்?' ஒரே வரி, கையெழுத்துக்கூட இல்லை. நம் நட்பே அந்த அட்டையில் தொடங்கியது என்பதால், அந்தப் பிழையைப் பற்றி எனக்கு இன்றைக்கும் பெரிய வெட்கம் இல்லை. ஆனால் பிழை எங்கே நேர்ந்தது என்பதிலிருந்தே தொடங்குவது நல்லது என்று நினைக்கிறேன். ஏனென்றால் ஆங்கிலம் பேசுகிறவர்களுக்கே இந்தச் சொல் மங்கிப்போனதற்கும் அதுதான் காரணம் என்பது என் ஊகம்.

இந்தக் கூட்டுச்சொல்லில் 'டே' என்பது பகல். அதில் சிக்கல் இல்லை. 'ஸ்பிரிங்' என்றதும் இன்றைக்கு மூன்று பொருள்கள் மனத்தில் வந்து நிற்கின்றன: வசந்தகாலம், நீரூற்று, நாம் தமிழிலேயே ஸ்பிரிங் என்று சொல்லிப் பழகிவிட்ட சுருள்கம்பி. இவை மூன்றும் ஒரே வினையின் பிள்ளைகள். பழைய ஆங்கிலத்தில் அந்த வினைக்குத் துள்ளி எழுதல், பீறிட்டு வெளிப்படுதல் என்று பொருள். மண்ணிலிருந்து நீர் பீறிட்டால் ஊற்று. அழுத்திய கம்பி துள்ளினால் சுருள்வில். மரத்திலிருந்து இலை வெடித்துக் கிளம்பினால் அந்தப் பருவம். பருவத்துக்கு ஆங்கிலத்தில் முதலில் இருந்த பெயர் வேறு. பகல் நீளும் காலம் என்ற பொருளில் 'லென்டன்' என்றுதான் சொல்லிவந்தார்கள். அந்தச் சொல்லைக் கிறித்தவர்களின் தவக்காலம் எடுத்துக்கொண்டது. அதன்பின் 'இலையின் துள்ளல்', 'ஆண்டின் துள்ளல்' என்றெல்லாம் சொல்லி, 16ஆம் நூற்றாண்டில் வெறும் 'துள்ளல்' என்பதே பருவத்தின் பெயராக நிலைத்தது. அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் கடல் மேலே ஏறும் பெரிய அலையேற்றத்தையும் இதே சொல்லைச் சேர்த்துத்தான் அழைக்கிறார்கள். அதற்கும் வசந்தகாலத்துக்கும் ஒரு தொடர்பும் இல்லை என்பதை இன்றும் பலர் நம்பமாட்டார்கள்.

ஆக, டேஸ்பிரிங் என்பது பகல் துள்ளி எழும் அந்தச் செயல். ஒரு வேளையின் பெயராக அது பிறகுதான் ஆயிற்று. 14ஆம் நூற்றாண்டு எழுத்துகளிலேயே இந்தச் சொல் இருக்கிறது. விடியலைக் குறிக்க இன்று எல்லோரும் சொல்லும் 'டான்' என்பது பெயர்ச்சொல்லாக 16ஆம் நூற்றாண்டின் இறுதியில்தான் தலைகாட்டுகிறது. அதுவரை அது வினையாகத்தான் இருந்தது. 14ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாசரின் கேன்டர்பரிக் கதைகளின் முன்னுரையில், பகல் 'துள்ளத் தொடங்கியதும்' விடுதிக்காரர் எழுந்து எல்லோருக்கும் சேவலாக இருந்து பயணிகளைத் திரட்டினார் என்று ஓர் இடம் வருகிறது. 1611ஆம் ஆண்டின் ஜேம்ஸ் அரசர் வேதாகமத்திலும், சாமுவேல் சவுலை மேல்வீட்டுக்கு அழைப்பது 'பகலின் துள்ளல்' வேளையில்தான். அந்தக் காலத்து மனிதர்களுக்கு இந்த வழக்கில் கவிதை எதுவும் இருந்திருக்காது என்று தோன்றுகிறது. சூரியன் எழுகிறது என்று நாம் சொல்வதைப் போல, அவர்களுக்குப் பகல் துள்ளியது. துள்ளலைப் பருவம் தனதாக்கிக்கொண்ட பிறகுதான் டேஸ்பிரிங் காதுக்கு விநோதமாகி, அன்றாடப் பேச்சை விட்டு விலகிக் கோயிலுக்குள்ளும் கவிதைக்குள்ளும் போய் உட்கார்ந்தது. பகல் 'உடைந்தது' என்ற 'டேபிரேக்' மட்டும் தெருவில் பிழைத்துக்கொண்டது. உடைவதில் யாருக்கும் குழப்பம் இல்லை அல்லவா?

கோயிலுக்குள் இதைக் கொண்டுபோய் வைத்தவர் வேதாகமத்தை ஆங்கிலத்தில் பெயர்த்த டின்டேல். அவர் 1526இல் அச்சிட்ட புதிய ஏற்பாட்டில், லூக்கா முதல் அதிகாரத்தில், யோவான் ஸ்நானகனின் தந்தை சகரியாவின் பாடலில் இந்தச் சொல் வருகிறது. ஜேம்ஸ் அரசர் வேதாகமம் அதை அப்படியே வைத்துக்கொண்டது. ஆங்கிலத் திருச்சபையின் பொதுவழிபாட்டு நூலும் அந்தப் பாடலைக் காலை வழிபாட்டில் சேர்த்துவிட்டதால், தலைமுறை தலைமுறையாக மக்கள் அதைக் காலையில் வாய்விட்டுச் சொல்லிவந்தார்கள். நம் பழைய தமிழ் வேதாகமத்தில் அதே இடம், 'உன்னதத்திலிருந்து தோன்றிய அருணோதயம் நம்மைச் சந்தித்திருக்கிறது' என்று இருக்கிறது. யோபு 38ஆம் அதிகாரத்தில், சாம்பலில் உட்கார்ந்திருக்கும் யோபுவைப் பார்த்துக் கடவுள், அருணோதயத்துக்கு அதன் இடத்தை நீ எப்போதாவது காண்பித்ததுண்டா என்று கேட்கிறாரே, அங்கேயும் ஆங்கிலத்தில் டேஸ்பிரிங்தான், தமிழில் அருணோதயம்தான். நம் மொழிபெயர்ப்பாளர்கள் இரண்டு இடத்திலும் ஒரே சொல்லைக் காப்பாற்றியிருக்கிறார்கள். பிற்கால ஆங்கில மொழிபெயர்ப்புகள் அதைச் செய்யவில்லை. லூக்காவில் 'எழும் சூரியன்' என்றும் 'சூரிய உதயம்' என்றும் எழுதிவிட்டுப் போய்விட்டார்கள். பொருள் தெளிவாக இருக்கிறது என்பதை மறுக்கவில்லை. ஆனால் வானிலை அறிக்கையில்கூட அந்தச் சொற்கள் வரும்.

அருணோதயம் என்ற சொல்லைப் பற்றி ஒன்று சொல்லாமல் இருக்க முடியவில்லை. அருணன் சூரியனின் தேரோட்டி. தாய் வினதை பொறுமையிழந்து முட்டையை முன்கூட்டியே உடைத்துவிட்டதால், இடுப்புக்குக் கீழே வளராமல் அரையுடம்போடு பிறந்தவன். சூரியனுக்கு முன்னால் வரும் அந்த முழுமையடையாத சிவப்புக்கு இதைவிடப் பொருத்தமான உருவம் இருக்க முடியாது. புராணத்துத் தேரோட்டி ஒருவன் இப்படி வேதாகமத்துக்குள் அமைதியாகத் தேரோட்டிக்கொண்டிருக்கிறான். படிக்கிறவர்கள் எவரும் அவனை இறக்கிவிடவில்லை. இதை விளையாட்டாகச் சொல்லவில்லை; உங்கள் வரிக்கே இது தேவைப்படும், கொஞ்சம் பொறுங்கள்.

லூக்காவின் கிரேக்க மூலத்தில் உள்ள சொல் 'அனதோலே'. அதற்கு எழுதல், உதித்தல், கிழக்கு என்றெல்லாம் பொருள். ஆனால் எபிரேய மறைநூல்களைக் கிரேக்கத்தில் பெயர்த்த பழையவர்கள், எரேமியாவிலும் சகரியா என்ற அதே பெயருள்ள பழைய தீர்க்கதரிசியின் நூலிலும் 'முளை', 'கிளை' என்று பொருள்படும் எபிரேயச் சொல்லுக்கும் இதே அனதோலேயைத்தான் போட்டார்கள். 'அவருடைய நாமம் கிளை என்னப்படும்' என்று தமிழில் படிக்கிறோமே, அந்த இடம்தான். ஆகவே கிரேக்கம் தெரிந்தவர் காதில் ஒளி உதிப்பதும் தளிர் முளைப்பதும் ஒரே ஒலியில் கேட்டிருக்கும். ஆங்கிலத்தின் 'ஸ்பிரிங்' என்பதற்கும் இளந்தளிர் என்ற பழைய பொருள் ஒன்று உண்டு. டின்டேல் இதை எண்ணித்தான் தேர்ந்தார் என்று நான் வாதிட மாட்டேன். ஆனால் இரண்டு மொழிகளிலும் ஒரே இரட்டைப்பொருள் வாய்த்திருப்பதைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. நல்ல மொழிபெயர்ப்பில் பாதி உழைப்பு, பாதி அதிர்ஷ்டம் என்று நீங்கள் சொல்வீர்களே, அந்த அதிர்ஷ்டம் இதுதான்.

இலத்தீனில் இது 'ஓரியன்ஸ்' ஆயிற்று. கிறிஸ்துமஸுக்கு முந்தைய ஏழு மாலைகளில், டிசம்பர் 17 முதல் 23 வரை, நாளுக்கொன்றாகப் பாடப்படும் ஏழு விளிப்பாடல்களில் 'ஓ ஓரியன்ஸ்' டிசம்பர் 21க்கு உரியது. வடகோளத்தில் ஆண்டிலேயே பகல் மிகக் குறுகி நிற்கும் நாட்கள் அவை. அங்கே போய் விடியலைக் கூப்பிடுகிறார்கள். இந்த விளிப்பாடலைத் தழுவிய பழைய ஆங்கிலக் கவிதை ஒன்று எக்ஸிடர் சுவடியில் இருக்கிறது. அதில் ஓரியன்ஸின் இடத்தில் நிற்கும் சொல் 'எயரென்டெல்'. 1914இல் இளைஞர் டோல்கியனைப் பிடித்துக்கொண்டு அவருடைய புனைவுலகத்துக்கே விதையான சொல் அது; 2022இல் ஹப்பிள் தொலைநோக்கி கண்டறிந்த, அதுவரை அறியப்பட்டவற்றுள் மிகத் தொலைவான விண்மீன் என்று அறிவிக்கப்பட்டதற்கும் அந்தப் பெயரையே வைத்தார்கள். இந்தக் கிளைக்கதையில் இறங்கினால் கடிதம் முடியாது. விட்டுவிடுகிறேன்.

மில்டனைப் பற்றி மட்டும் கொஞ்சம் விரிவாக எழுத அனுமதியுங்கள். 'இழந்த சொர்க்கத்தில்' அவர் இந்தச் சொல்லை எங்கே கொண்டுபோய் வைத்திருக்கிறார் தெரியுமா? ஆறாம் காண்டத்தில், கலகக்கார வானவர்கள் இரவோடு இரவாக மண்ணைத் தோண்டிப் பீரங்கி செய்கிறார்கள். எல்லாவற்றையும் டேஸ்பிரிங்குக்கு முன்னால், ஒருவர் கண்ணிலும் படாமல் முடித்துவிடுகிறார்கள். வேதாகம மணம் ஊறிய சொல்லைச் சாத்தானின் பட்டறைக்கு வெளியே நிறுத்தி வைத்திருக்கிறார். ஆனால் என்னை அடித்துப் போட்ட இடம் வேறு. 1671இல் வெளியான 'சாம்சன் அகோனிஸ்டிஸ்' நாடகத்தின் தொடக்கம். கண்கள் பறிக்கப்பட்டு, காசா நகரச் சிறையில் செக்கு மாடுபோல் மாவரைக்கும் சாம்சனுக்கு அன்று விடுமுறை. சிறைக்குள்ளே காற்றும் கைதிதான், ஈரமும் புழுக்கமுமாக அடைந்து கிடக்கிறது என்கிறான். வெளியே வந்து உட்கார்ந்ததும், டேஸ்பிரிங்கோடு பிறந்த தூய இனிய காற்று, வானத்தின் மூச்சு, தன்மேல் படுவதை உணர்கிறான். எழுதியவரும் 1652க்குள் இரண்டு கண்ணும் போனவர். பார்வையற்றவனுக்கு விடியலில் ஒளி இல்லை. ஆனாலும் டேஸ்பிரிங் இருக்கிறது, ஏனென்றால் அவனைப் பொறுத்தவரை துள்ளி எழுவது காற்று.

இதை நான் முப்பது முறையாவது படித்திருப்பேன். அறுவை முடிந்த அன்றிரவுதான் புரிந்தது. வலக்கண்ணின்மேல் கட்டு, இடக்கண்ணில் வெறும் சாம்பல் நிறம். தூக்கம் பிடிக்கவில்லை. சன்னலைத் திறந்து வைக்கச் சொல்லியிருந்தேன். ஏதோ ஒரு நொடியில், அதுவரை கழுத்தடியில் தேங்கிக் கிடந்த காற்று புரண்டு படுத்ததுபோல் இருந்தது. முழங்கையின் உட்பக்கம் முதலில் குளிர்ந்தது, பிறகு கட்டின் ஓரத்தில் வியர்வை உலர்ந்தது, அதற்குப் பிறகே முதல் பறவை. வெளிச்சம் எப்போது வந்தது என்று எனக்குத் தெரியாது. ஆனால் பகல் வந்த நொடியைக் கை காட்டிச் சொல்ல முடியும் என்றிருந்தது. வெளுத்தது, சிவந்தது என்று சொல்லும் கண்ணின் சொற்கள் எதுவும் அங்கே உதவவில்லை.

அப்போதுதான் நம் 'புலர்தல்' நினைவுக்கு வந்தது. பொழுது புலர்ந்தது என்கிறோம். ஈரம் புலர்ந்தது, நாப் புலர்ந்தது என்றும் சொல்கிறோம். விடிதலும் உலர்தலும் நமக்கு ஒரே சொல். ஆங்கிலத்தின் பகல் ஊற்றுப்போல் ஈரத்தோடு பீறிடுகிறது. தமிழின் பகல் இரவின் ஈரம் உலர உலர வருகிறது. இரண்டும் விடியல்தான், ஆனால் எதிரெதிர்த் திசையில் நடக்கின்றன. நீங்கள் விடியல் என்று எழுதினாலும் புலரி என்று எழுதினாலும் வரி படுத்துவிடுவதற்குக் காரணம் இதுவாகத்தான் இருக்க வேண்டும்: விடியல் பொழுதைச் சொல்கிறது, புலரி அடங்கி அவிழ்கிறது, ஹாப்கின்ஸுக்கு வேண்டியது குதிப்பு.

இப்போது உங்கள் செய்யுளுக்கு வருகிறேன். பின்னணி உங்களுக்குத் தெரிந்ததே: 1875 டிசம்பரில், நாடு கடத்தப்பட்ட ஐந்து பிரான்சிஸ்கன் கன்னியர் சென்ற கப்பல் தேம்ஸ் முகத்துவாரத்தின் மணல்திட்டில் மோதி நின்று, புயலிரவில் அலைகள் மேலேறி, அவர்கள் மூழ்கினார்கள். ஹாப்கின்ஸ் எழுதிய கவிதையை அவர் சேர்ந்திருந்த இயேசு சபையாரின் இதழே வெளியிடவில்லை. அவர் 1889இல் இறந்து, 1918இல்தான் அது நூலில் வந்தது. முப்பத்தைந்தாவது செய்யுளில், மூழ்கிய கன்னியை விளித்து, எங்களுக்காக வேண்டிக்கொள் என்கிறார். அரசர் திரும்பி வரட்டும், எங்களுக்குள் 'ஈஸ்டர்' ஆகட்டும், எங்கள் மங்கலுக்கு ஒரு டேஸ்பிரிங் ஆகட்டும், செந்தீச்சட்டி ஏந்திய கிழக்கு ஆகட்டும் என்கிறார். ஒரே மூச்சில் மூன்று.

இந்த மூன்றையும் தனித்தனியாகப் பார்க்காதீர்கள் என்பதே என் வேண்டுகோள். கிழக்கு என்பதற்கான ஆங்கிலச் சொல் விடியலைக் குறிக்கும் பழைய வேரிலிருந்து வந்தது. நம் காதுக்குப் பழகிய வடமொழி உஷஸ், இலத்தீன் அவ்ரோரா எல்லாம் அந்த வேரின் கிளைகள். ஈஸ்டர் என்ற பெயரும் அதே வேர்தான். எயோஸ்திரே என்ற ஒரு பழைய தெய்வத்தின் மாதத்திலிருந்து அது வந்ததாக 8ஆம் நூற்றாண்டிலேயே ஆங்கிலத் துறவி பீட் எழுதி வைத்திருக்கிறார். ஆகவே ஹாப்கின்ஸ் ஒரே விடியலை மூன்று முறை சொல்கிறார்: முதலில் ஈஸ்டர் என்ற பெயரையே வினையாக்கி, அடுத்துத் துள்ளலாக, கடைசியில் திசையாக. பழைய தெய்வத்தின் பெயர் ஒன்று கிறித்தவத் திருநாளுக்குள் உட்கார்ந்திருப்பதும், அருணன் நம் வேதாகமத்துக்குள் உட்கார்ந்திருப்பதும் ஒரே கதை என்பதால், அருணோதயம் இங்கே தகும் என்று முதலில் நினைத்தேன். ஆனால் வாய்விட்டுப் படித்துப் பார்த்தால் அது கனத்துவிடுகிறது. லூக்காவில் மாதக்கணக்காக வாய் கட்டுண்டிருந்த முதியவர் சகரியா முதன்முதலாக நா திறந்து பாடுகிறார். அங்கே அந்த நிதானமான ஆறெழுத்து நடை பொருந்தும். இங்கே மூச்சு முட்டுகிறது. 'டேஸ்பிரிங் டு த டிம்னஸ்' என்று டகரம் மீண்டும் மீண்டும் கதவைத் தட்டுகிறது.

என் யோசனை இது: வேளையின் பெயரைத் தேடுவதை விட்டுவிட்டு வினையைப் பிடியுங்கள். தமிழில் விடிவெள்ளி உதிப்பது மட்டும் இல்லை, முளைக்கவும் செய்கிறது. 'வெள்ளி முளைச்சாச்சு' என்று சொல்லாத பாட்டி உண்டா? அனதோலேயின் ஒளியும் தளிரும் சேர்ந்த பொருள் நம் பேச்சுவழக்கிலேயே கிடக்கிறது. 'மங்கிய எங்களுள் முளைக்கும் பகலாக' என்று எழுதிப் பார்த்தேன். மகரம் இரண்டு முறை வந்து டகரத்தின் இடத்தை ஓரளவு நிரப்புகிறது. 'எங்கள் மங்கலில் முளைபகலாக' என்று வினைத்தொகையாக இறுக்கினால் ஹாப்கின்ஸின் முடிச்சுக்கு இன்னும் நெருங்கலாம். படிக்கிறவர் ஒரு நொடி தடுக்கி விழுந்தாலும் பரவாயில்லை, அவரைப் படிக்கிற ஆங்கிலேயரும் விழுகிறார். 'பகலூற்று' என்பதையும் எழுதி வைத்திருந்தேன். அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் கடலில் மூழ்கி இறந்தவளைப் பார்த்து ஊற்று என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இன்னொரு செய்தி, கவிதைக்குத் தொடர்பில்லாதது. நைஜர் ஆற்றை ஆராயப் பெய்க்கி தலைமையில் 1857இல் போன நீராவிக் கப்பலின் பெயர் 'டேஸ்பிரிங்'. அதே ஆண்டு அக்டோபரில் ஜெப்பா அருகே பாறையில் மோதி உடைந்துபோயிற்று. இந்தச் சொல்லுக்கும் கப்பல் உடைவதற்கும் ஏதோ ஒரு பொருத்தம் இருக்கிறது போலும்.

டேஸ்பிரிங்கை நான் ஒருவாறு ஒப்பேற்றிவிட்டேன். அதற்கு முன்னால் நிற்கும் ஈஸ்டர் என்ற வினையை நீங்கள் என்ன செய்யப் போகிறீர்கள்? 'உயிர்த்தெழட்டும்' என்று எழுதினால் திருநாள் போய்விடும். திருநாளை வைத்தால் வினை போய்விடும். நீங்கள் எழுதியதை, அடித்தல் திருத்தலோடு அப்படியே அனுப்புங்கள். எழுத்தைக் கொஞ்சம் பெரிதாக எழுதினால் மருத்துவரின் கணக்குக்குள் இரண்டு முறை படித்துவிடுவேன்.

அன்புடன்,
உங்கள் பழைய 'பகல் வசந்தம்'